அரிட்டாபட்டிப் பாறையில் இருந்தது லகரா, பெரிகிரினா? – வல்லூறுகளைப் பிரித்தறியும் இழை

#1 பனங்காடை

மதுரைப் பக்கம் அரிட்டாபட்டி மலையில் ஜனவரி மூன்றாம் வாரம் காலையில் எடுத்த ஒரு வல்லூறின் மூன்று படங்களை இணைத்திருக்கிறேன். வாட்ஸ்அப் குழுவில் போட்டதும் "லகர்" என்று முடித்துவிட்டார்கள். காரணம் கேட்டால், "அங்கே லகர்தானே பேர் போனது" என்கிறார்கள். அந்தப் பதில் எனக்குப் போதவில்லை.

படம் 1: பாறை விளிம்பில் உட்கார்ந்திருக்கிறது. முதுகு பழுப்பு, ஒவ்வொரு இறகுக்கும் வெளிறிய ஓரம். நெற்றியும் புருவமும் மங்கிய வெள்ளை. மீசை (கண்ணுக்குக் கீழே இறங்கும் கறுப்புக்கோடு) மெல்லியது. மார்பில் பழுப்பு நிற நெடுக்குக் கீற்றுகள்.

படம் 2: தலைக்கு மேலே பறக்கும்போது அடிப்பக்கம்.

படம் 3: மாடப்புறாக் கூட்டத்தின் மேல் பாயும்போது. முதுகும் வாலும் ஓரளவு தெரிகின்றன.

கால் நீலச் சாம்பலா, பச்சை கலந்த மஞ்சளா என்று என்னால் தீர்மானிக்க முடியவில்லை. லகரா, இங்கேயே தங்கும் பெரிகிரின் கிளையினமான ஷாஹீனா, வடக்கிலிருந்து வலசை வந்த பெரிகிரினா? காரணத்தோடு சொல்லுங்கள்.

#2 உப்பளத்தான்

இனத்தைக் கேட்பதற்கு முன்னால் வயதைக் கேட்க வேண்டும். பெரிய வல்லூறுகளில் நடக்கும் தப்பில் பெரும்பாதி இங்கேதான் தொடங்குகிறது: இளம்பறவையை எடுத்துப் புத்தகத்தில் இருக்கும் முதிர்பறவைப் படத்தோடு ஒப்பிடுகிறார்கள்.

வளர்ந்த பெரிகிரினுக்கு வயிற்றிலும் தொடையிலும் குறுக்குக்கோடு. இளசுக்கு மார்பு முதல் வயிறு வரை நெடுக்குக் கீற்று. முதுகும் அப்படித்தான், வளர்ந்தது சிலேட்டுச் சாம்பல், இளசு பழுப்பு. கண்ணைச் சுற்றிய வளையமும் அலகின் அடித்தோலும் வளர்ந்ததில் மஞ்சள், இளசில் நீலச் சாம்பல். உங்கள் படம் 1-இல் பழுப்பு முதுகு, வெளிறிய ஓரம், நெடுக்குக் கீற்று மூன்றும் இருக்கின்றன. போன கோடையில் கூட்டை விட்டு வந்த பறவை. அதில் எனக்குச் சந்தேகம் இல்லை.

ஆகவே கேள்வி இப்படி மாறுகிறது: இது லகரின் இளசா, ஷாஹீனின் இளசா, வடதுருவப் பக்கத்திலிருந்து வரும் காலிடஸ் என்ற பெரிகிரின் கிளையினத்தின் இளசா? காலை வைத்து முடிவு சொல்ல முடியாது. லகர் இளசுக்கும் கால் நீலச் சாம்பல், பெரிகிரின் இளசுக்கும் அப்படித்தான். பெரிகிரினுக்கு முதல் குளிர்காலத்திலேயே அது மெல்ல மஞ்சளாகத் தொடங்கும். நீங்கள் தடுமாறும் நிறம் அந்த இடைப்பட்ட நிறம்.

படம் 2-இன் மூலக்கோப்பை வெட்டாமல் ஏற்றுங்கள். வாட்ஸ்அப் வழியாக வந்த படம் வேண்டாம். அதில் இறக்கை அடியின் கட்டங்கள் கரைந்துபோயிருக்கும். இங்கே நமக்கு வேண்டியதே அந்தக் கட்டங்கள்தான்.

#3 மலைமொங்கான்

ஷாஹீனை இப்பவே கழிச்சிரலாம். ஷாஹீன் இளசுக்குத் தலை கறுத்துக் கிடக்கும். கன்னத்துல வெள்ளை ரொம்பக் கொஞ்சம், மீசை அகலமா இறங்கி தலைக்கறுப்போட சேர்ந்துக்கும். அடிப்பக்கம் செம்மண் கலந்த நிறம், அது மேல கீற்று. நெத்தியும் புருவமும் இப்படி வெளுத்து இருக்காது. படம் 1-ல இருக்கறதுக்கு நேர் எதிர்.

வளர்ந்ததைப் பத்தியும் சொல்லிடறேன், இங்க அடிக்கடி கேக்கறாங்க. ஷாஹீன் நம்ம ஊர்லயே கூடு கட்டற பெரிகிரின் கிளையினம். இலங்கையில சிகிரியா பாறையிலயும் இருக்கு. கறுத்த முதுகு, முக்காடு போட்ட மாதிரி தலை, தொண்டை வெளுப்பு, அதுக்குக் கீழ வயிறு முழுக்கச் செம்மை. குறுக்குக்கோடு இருக்கும், ஆனா செம்மையில அமுங்கிப்போயிருக்கும். உடம்பு கட்டுக்குட்டு. காலிடஸ் இதைவிடப் பெருசு, வெளுப்பு. சாம்பல் முதுகு, மெல்லிய மீசை, அதுக்குப் பின்னாடி கன்னத்துல பெரிய வெள்ளை. மார்பு வெள்ளை, வயித்துல கோடு தெளிவா இருக்கும்.

மாசமும் கைகொடுக்கும். காலிடஸ் அக்டோபர்ல வந்து ஏப்ரலுக்குள்ள கிளம்பிரும். ஜூன்ல பாறையில பெரிகிரின் உட்கார்ந்திருந்தா அது ஷாஹீன்தான். ஆனா ஜனவரியில ரெண்டும் இருக்கும், அப்ப மாசத்தை வெச்சு பேச முடியாது. இடமும் அப்படியே. உப்பளம், கழிமுகம், பள்ளிக்கரணை, கோடியக்கரைன்னா உள்ளான் கூட்டத்தை விரட்டற காலிடஸா இருக்க வாய்ப்பு அதிகம். பாறைன்னா ஷாஹீன். இதெல்லாம் சாய்வுதான், தீர்ப்பு இல்லை.

#4 பனங்காடை

மூலக்கோப்பு ஏற்றிவிட்டேன், உப்பளத்தான் அண்ணே. பெரிதாக்கிப் பார்த்தால் இறக்கை அடி முழுக்க, அக்குளிலிருந்து நுனி வரை, ஒரே சீராகச் சின்னக் கட்டங்கள். எங்கேயும் கறுப்புத் திட்டு இல்லை. வாலில் குறுக்குப் பட்டைகள் தெரிகின்றன. படம் 1-இல் மடக்கிய இறக்கையின் நுனி வால் நுனியைக் கிட்டத்தட்டத் தொடுகிறது.

#5 உப்பளத்தான்

அப்படியானால் பெரிகிரின் இளசு, காலிடஸ். விளக்கத்தைக் கொஞ்சம் நீட்டிச் சொல்கிறேன், அடுத்த முறை இதே கேள்வி வரும்போது இங்கே கைகாட்டி விடலாம்.

இறக்கை அடி. லகர் இளசுக்கு இறக்கையின் அடியில் முன்பாதியை மூடும் போர்வை இறகுகள் அடர்பழுப்பு. பின்னால் இருக்கும் பறப்பு இறகுகள் அதைவிட வெளிர். அதனால் இறக்கை நெடுக இரண்டு நிறமாகப் பிரிந்து தெரியும், முன்பக்கம் இருட்டு, பின்பக்கம் வெளிச்சம். பெரிகிரின் இளசுக்கு அந்தப் பிரிவு கிடையாது. முழு இறக்கையும் ஒரே தரத்தில் கட்டம் போட்டிருக்கும். தூரத்தில், தலையே தெரியாத படத்தில்கூட இது வேலை செய்யும். எனக்குத் தெரிந்து இதைவிட நம்பகமான அடையாளம் வேறில்லை.

உடல் அடி. லகர் இளசின் வயிறும் விலாவும் தொடையும் ஏறக்குறைய முழுப் பழுப்பு. தொண்டை வெள்ளை, மார்பில் கொஞ்சம் வெளிறல் இருக்கலாம், அவ்வளவே. "கீற்றுகளை எண்ண முடிகிறது" என்றால் பெரிகிரின் பக்கம் சாயுங்கள்.

வால். லகரின் வாலை மேலிருந்து பார்த்தால் நடு இறகுகள் வெறும் பழுப்பு, பட்டை இல்லை. வெளி இறகுகளின் உட்பக்கத்தில் மட்டும் வெளிர் புள்ளிகள் உண்டு, வாலை விரித்தால்தான் தெரியும். பெரிகிரினுக்கு நடு இறகுகளிலும் பட்டை இருக்கும். உங்கள் படம் 3-இல் பாயும் பறவையின் நடுவாலில் வெளிர் பட்டைகள் தெரிகின்றன. மங்கலாக இருந்தாலும் போதும்.

தலை. வாட்ஸ்அப் குழுவை ஏமாற்றியது தலைதான். காலிடஸ் இளசுக்கு நெற்றியும் புருவமும் வெளுத்து, மீசை ஒல்லியாக இருக்கும். லகர் படத்தில் எல்லோரும் மனப்பாடம் செய்து வைத்திருப்பதும் அதையே. லகருக்கு உச்சந்தலை முழுவதும் வெளிர்செம்மை அல்லது மங்கிய வெள்ளை; கண்ணுக்குப் பின்னால் கறுப்புக்கோடு ஓடும்; மீசை நீளம், ஒல்லி. காலிடஸில் வெளுப்பு நெற்றியிலும் புருவத்திலும் நிற்கும், உச்சி கறுத்தே இருக்கும். பறவை தலையைக் குனியும் ஒரு சட்டகம் கிடைத்தால் விவாதமே வேண்டாம்.

இறக்கை நுனி. உட்கார்ந்த பெரிகிரினுக்கு நுனி வாலின் முனையைத் தொடும், அல்லது தொடும் தூரத்தில் நிற்கும். லகருக்குச் சற்றுக் குறையும். வித்தியாசம் சிறிது. பறவை கொஞ்சம் திரும்பி உட்கார்ந்தாலே கணக்கு மாறிவிடும். துணைச்சான்றாக வைத்துக்கொள்ளலாம், அதற்கு மேல் இல்லை.

#6 கரிச்சான்

இவ்வளவு உறுதியாகச் சொல்ல முடியுமா என்று கேட்கிறேன். லகர் இளசு முழுப் பழுப்பு என்பது முதல் வருடத்துக்குத்தான். இறகு மாறும் காலத்தில் மார்பு வெளுத்து, கீற்றுக் கீற்றாக நிற்கும் பறவைகளை ராஜஸ்தான், குஜராத் படங்களில் நிறையப் பார்க்கலாம். அந்த நிலையில் இருக்கும் லகர் இதுவாக இருக்கக் கூடாதா? அரிட்டாபட்டியில் லகர் இருப்பது ஊரறிந்தது. 2022 நவம்பரில் தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர் மரபுத் தலமாக அதை அறிவித்தபோதே லகர், ஷாஹீன், போனெல்லிக் கழுகு மூன்றையும் பெயர் சொல்லிக் குறிப்பிட்டார்கள்.

#7 உப்பளத்தான்

நியாயமான கேள்வி, கரிச்சான். மூன்று இடத்தில் பாருங்கள்.

ஒன்று, இறகு மாறும் லகருக்கு முதுகில் பழைய இறகும் புதிய இறகும் கலந்திருக்கும். தேய்ந்து வெளுத்தது பழசு, கறுத்துப் பளிச்சென்று இருப்பது புதுசு. படம் 1-இல் முதுகு இறகு அத்தனையும் ஒரே வயது. ஒரே அளவு தேய்மானம், ஒரே மாதிரி ஓரம். ஒரே தலைமுறை இறகு என்றால் அது முதல் வருடப் பறவை. முதல் வருட லகருக்கு இந்த மார்பு வராது.

இரண்டு, லகருக்கு மார்பு எவ்வளவு வெளுத்தாலும் தொடையும் விலாவும் கடைசிவரை அடர்பழுப்பாகவே நிற்கும். முழுதாக வளர்ந்ததிலும் அப்படித்தான்; வெள்ளை மார்பு, கறுத்த கால்சட்டை. இந்தப் பறவையின் தொடை வெளிர், அதிலும் கீற்று.

மூன்று, நடுவாலின் பட்டை. லகரில் எந்த வயதிலும் அது கிடையாது.

இடத்தைப் பற்றி. லகர் அங்கே பதிவானது உண்மை. அந்த நற்பெயர்தான் ஒவ்வொரு பழுப்பு வல்லூறையும் லகர் ஆக்கிவிடுகிறது. தமிழ்நாட்டில் லகர் அரிது. உலக அளவிலேயே குறைந்துகொண்டு வருகிறது; பன்னாட்டுச் சிவப்புப் பட்டியலில் அச்சுறுத்தலை நெருங்கும் இனம். சேக்கர் வல்லூறைப் பிடிப்பதற்கு இரைப்பறவையாகக் கட்டிவைக்க லகரைப் பிடிப்பது பாகிஸ்தான் பக்கம் நடந்து வந்தது, பூச்சிக்கொல்லி இன்னொரு காரணம். அரிதான பறவை என்பதாலேயே அதன் பதிவுக்குக் கூடுதல் சான்று கேட்கிறோம். தப்பான லகர் பதிவுகள் சேர்ந்தால் குறைந்துவரும் பறவை தாராளமாக இருப்பது போல வரைபடம் காட்டும்.

#8 கரிச்சான்

முதுகு இறகின் வயது பற்றிய வாதத்தை ஏற்கிறேன். படம் 3-இன் வால் மட்டும் எனக்கு இன்னும் மங்கல்தான்.

#9 வெள்ளோடு

இழையைச் சின்ன வல்லூறு பக்கம் திருப்பலாமா? நவம்பர் கடைசியில் பல்லடம் பக்கம் மானாவாரிக் காட்டில் மின்கம்பி மேல் ஏழெட்டு வல்லூறுகள். அதில் ஆமூர் வல்லூறு ஆண் உறுதி. மற்றதில் இரண்டு கெஸ்ட்ரல் என்ற சின்ன வல்லூறு மாதிரி. ஒருவர் லெஸ்ஸர் கெஸ்ட்ரல் என்கிறார். பெட்டைகள்தான், ஆண் இல்லை. பிரிக்க முடியுமா?

#10 தட்டான்பிடி

வெள்ளோடு தம்பி, ஆண் இருந்தால் அரை நிமிட வேலை. லெஸ்ஸர் ஆணுக்கு முதுகு புள்ளியே இல்லாத செங்கல் நிறம், அதற்கும் கறுத்த இறகு நுனிக்கும் நடுவில் நீலச் சாம்பல் பட்டை, தலை முழுச் சாம்பல், மீசை கிடையாது. சாதாரண கெஸ்ட்ரல் ஆணுக்கு முதுகில் கறுப்புப் புள்ளி, கன்னத்தில் மீசை, அந்தச் சாம்பல் பட்டை இல்லை. ஒரே எச்சரிக்கை: முதல் வருட லெஸ்ஸர் ஆணுக்கும் சாம்பல் பட்டை வந்திருக்காது.

பெட்டைக்கு நகத்தைப் பாருங்கள். லெஸ்ஸருக்கு நகம் வெளிர், சாதாரண கெஸ்ட்ரலுக்குக் கறுப்பு. உட்கார்ந்திருக்கும் பறவையில், வெயில் முன்னாலிருந்து விழும்போது மட்டும் இதை நம்பலாம். பின்வெளிச்சத்தில் எல்லா நகமும் கறுப்பு. ஈர மண்ணில் இறங்கி வெட்டுக்கிளி பிடித்துவிட்டுக் கம்பிக்கு வந்த பறவைக்கும் அப்படியே. காய்ந்த சேறு ஒட்டினால் கறுப்பு நகமும் வெளிறித் தெரியும்.

அடுத்து முகம். சாதாரண பெட்டைக்குக் கண்ணுக்குப் பின்னால் மெல்லிய கறுப்புக்கோடு ஓடும், மீசையும் திடமாக இருக்கும். லெஸ்ஸர் பெட்டையின் கன்னம் வெறிச்சென்று வெளுத்திருக்கும், மீசை மங்கல். அடுத்து, உட்கார்ந்திருக்கையில் இறக்கை நுனி. லெஸ்ஸருக்கு வாலின் கறுப்புப் பட்டை வரை எட்டும், சாதாரண கெஸ்ட்ரலுக்கு அதற்கு முன்னாலேயே நின்றுவிடும். பறக்கும்போது லெஸ்ஸரின் வால் நடு இறகுகள் கொஞ்சம் நீட்டிக்கொண்டிருக்கும். முனை மழுங்கிய ஆப்பு வடிவம். வளர்ந்த பறவையில்தான் இது தெளிவு.

இதில் குறைந்தது இரண்டு அடையாளமாவது சரியாகக் கிடைக்காவிட்டால் "லெஸ்ஸர் அல்லது சாதாரண கெஸ்ட்ரல்" என்று பதிவிட, பறவைப் பதிவுத் தளமான இ-பேர்டில் தனி வகையே இருக்கிறது. அதைத் தேர்ந்தெடுங்கள்.

கூட்டத்தை ஒரு துணைச்சான்றாகச் சொல்லலாம். லெஸ்ஸர் ஆமூரோடு சேர்ந்து வலசை போகிற பறவை, சாதாரண கெஸ்ட்ரல் பெரும்பாலும் தனியாகத் திரியும். ஆனால் ஈசல் கிளம்பிய வயலில் எல்லாமும் ஒன்றாகக் கூடும்.

மேற்குத் தொடர்ச்சி மலையோரத்தில் இருப்பவர்களுக்கு இன்னொன்று. நம் மலைகளிலேயே தங்கிக் கூடு கட்டும் கெஸ்ட்ரல் கிளையினம் குளிர்காலத்தில் வருவதைவிட நிறம் கறுத்தது, புள்ளிகள் தடித்தவை. அதையே பார்த்துப் பழகிய கண்ணுக்கு வடக்கிலிருந்து வரும் வெளிர் கெஸ்ட்ரல் "ஏதோ வேறு இனம்" போலத் தெரியும். லெஸ்ஸர் என்று போட்டுவிடுவார்கள்.

#11 வெள்ளோடு

நகம் கறுப்பு, கண்ணுக்குப் பின்னால் கோடு இருக்கிறது. சாதாரண கெஸ்ட்ரல் என்று போட்டுக்கொள்கிறேன். அதே கம்பியில் இன்னொன்று: முதுகு கறுத்து, கன்னம் வெள்ளை, மார்பில் கீற்று. ஹாபி என்ற சின்ன வல்லூறா, ஆமூர் இளசா?

#12 தட்டான்பிடி

இந்தக் கேள்வி எல்லா நவம்பரிலும் வரும், வரவேண்டியதும்தான். ஆமூர்கள் அக்டோபர், நவம்பரில் நாகாலாந்தின் வோக்கா மாவட்டத்தில் தோயாங் நீர்த்தேக்கத்தில் கூடி, பிறகு தீபகற்பத்தைக் குறுக்கே வெட்டி அரபிக்கடல் தாண்டி ஆப்பிரிக்காவின் தென்பகுதிக்குப் போகின்றன. 2012-இல் அங்கே ஆமூர்களைக் கூட்டம் கூட்டமாகக் கொன்றது உலகம் முழுக்கப் பேசப்பட்டது, 2013-லேயே ஊர்க்காரர்கள் அதை நிறுத்தினார்கள். அதே ஆண்டு செயற்கைக்கோள் கருவி பொருத்திய பறவைகள்தான் இந்தப் பாதையை வரைந்து காட்டின. நம் பக்கம் கடந்து போகும் கூட்டத்தில் இளசுகள் நிறைய. ஹாபி குளிர்காலம் முழுக்க அங்கங்கே இருக்கும். இரண்டுக்கும் தட்டான் பிடிப்பதில் ஆசை, இரண்டும் மாலையில் வானத்தில் சுற்றும்.

வாலின் மேற்பக்கம் பாருங்கள். ஆமூர் இளசுக்குப் பட்டைகள் உண்டு. ஹாபிக்கு வால் மேற்பக்கம் வெறுமை. கம்பியில் முதுகைக் காட்டி உட்கார்ந்தால் இது ஒன்றே போதும்.

பறக்கும்போது இறக்கை அடி. ஆமூர் இளசுக்கு வெள்ளைத் தளத்தில் கறுப்புப் பட்டைகள், பின் ஓரம் கறுப்பு, மொத்தத்தில் வெளிர். ஹாபிக்கு அடர்ந்த கோடுகள், தூரத்தில் இறக்கை அடி முழுவதும் இருட்டு. காலும் நகமும்: ஆமூருக்கு ஆரஞ்சு கலந்த கால், வெளிர் நகம், ஹாபிக்கு மஞ்சள் கால், கறுப்பு நகம். முதுகு: ஆமூர் இளசின் இறகு ஓரங்கள் அகலமாக வெளிறி, செதில் போட்ட மாதிரி தெரியும். ஹாபி இளசுக்கும் ஓரம் உண்டு, மெல்லியது.

நடத்தையையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அந்தரத்தில் நின்று சிறகடித்தால் அது ஹாபி இல்லை. ஆமூர் அவ்வப்போது அப்படி நிற்கும். நிற்காததால் ஹாபி என்று தலைகீழாகச் சொல்லிவிடாதீர்கள்.

"தொடை சிவப்பு, அதனால் ஹாபி" என்று எழுதுகிறவர்கள் கவனிக்க: செந்தொடையும் செவ்வாலடியும் வளர்ந்த ஹாபிக்குத்தான். இளசுக்கு அங்கே மங்கிய மஞ்சள்தான். வளர்ந்த ஆமூர் ஆணுக்கும் தொடையும் வாலடியும் செம்மைதான், ஆனால் அது உடம்பு முழுக்கச் சாம்பலாய், இறக்கை அடி முன்பாதி பளீர் வெள்ளையாய் இருக்கும், குழம்ப வழியில்லை. அந்த வெள்ளை இல்லாமல் இறக்கை அடி முழுக்கக் கறுத்த ஆண் ஒன்று கண்ணில் பட்டால் உடனே எல்லாக் கோணத்திலும் படம் எடுங்கள், செங்கால் வல்லூறாக இருக்கலாம். இந்தியாவில் அது மிக அரிது.

#13 மலைமொங்கான்

ஹாபி பேச்சு வந்ததால ஒண்ணு. மேற்குத் தொடர்ச்சி மலையில குளிர்காலத்துல எப்பவாவது ஓரியண்டல் ஹாபி வரும். அடிப்பக்கம் முழுச் செம்மை, தலை முக்காடு. இதை ஷாஹீன்னும், ஷாஹீனை இதுன்னும் மாத்தி மாத்திப் போடறாங்க. செம்மைல கோடு இருந்தா ஷாஹீன். ஓரியண்டல் ஹாபிக்குக் கோடே கிடையாது, வழவழன்னு இருக்கும். உடம்பும் ஒல்லி, இறக்கை அரிவாள் மாதிரி நீளம். ஷாஹீனுக்கு நெஞ்சு அகலம், இறக்கை அடி அகலம், வால் குட்டை.

#14 ஈசல்

அளவை வைத்துச் சொல்ல முடியாதா? எல்லோரும் நிறம் நிறம் என்கிறீர்கள்.

#15 உப்பளத்தான்

முடியாது, ஈசல். வல்லூறுகளில் பெட்டை பெரிது, ஆண் சிறிது. பெரிகிரினில் பெட்டை ஆணைவிட எடையில் பாதி அளவுகூட அதிகம் இருக்கும். ஆண் பெரிகிரினும் சின்ன வல்லூறு இனத்தின் பெரிய பெட்டையும் தூரத்தில் ஒன்றுபோலத் தெரியும். பக்கத்தில் காகமோ புறாவோ அதே தூரத்தில் பறந்தால் ஒழிய அளவைப் பேசாதீர்கள்.

அளவுக்குப் பதில் விகிதத்தை எடுங்கள், அது தூரத்தால் மாறாது. படத்தில் இறக்கை உடம்போடு சேரும் இடத்து அகலத்தை அளந்து வால் நீளத்தோடு ஒப்பிடுங்கள். பெரிகிரினுக்கு இரண்டும் கிட்டத்தட்டச் சமம். கெஸ்ட்ரலுக்கு வால் தெளிவாக நீளம். லகர் நடுவில் நிற்கும். பறவை நேர்மேலே, இறக்கை முழுக்க விரித்த நிலையில் இருக்கும் சட்டகத்தில்தான் இந்தக் கணக்கு செல்லும். பாயும்போது இறக்கையை மடக்கியிருக்கும், அப்போது எல்லாமே பெரிகிரின் வடிவம்தான்.

#16 வெள்ளோடு

செந்தலை வல்லூறும் வைரியும்? இரண்டும் சாம்பல் முதுகு, வயிற்றில் மெல்லிய கோடு. பனந்தோப்பில் பார்த்ததைப் பிரிக்க முடியவில்லை.

#17 தட்டான்பிடி

கண். வல்லூறு எதுவானாலும் கண் கரும்பழுப்பு, வளர்ந்ததில் பெரும்பாலும் சுற்றி மஞ்சள் வளையம். வைரிக்குக் கண்மணியைச் சுற்றி மஞ்சள் அல்லது சிவப்பு. செந்தலைக்கு உச்சந்தலையும் பிடரியும் செம்பழுப்பு, சாம்பல் வாலின் கடைசியில் ஒரே ஒரு அகலக் கறுப்புப் பட்டை. வைரிக்குத் தொண்டை நடுவில் ஒற்றைக் கோடு. பறக்கும்போது வைரியின் இறக்கை முனையில் ஐந்து விரல்கள் பிரிந்து நிற்கும், இறக்கை உருண்டை. நாலு அடி, ஒரு சறுக்கல் என்று போகும். செந்தலையின் இறக்கை கூர்மை, விரல் பிரியாது. ஜோடியாகச் சேர்ந்து ஒரே குருவியை இரண்டு பக்கத்திலிருந்து விரட்டினால் செந்தலையாக இருக்க நிறைய வாய்ப்பு. பனையில் காகத்தின் பழைய கூட்டை எடுத்துக்கொள்வதும் அதன் வழக்கம்.

கருந்தோள் பருந்தையும் சொல்லிவிடுகிறேன். அந்தரத்தில் நிற்பதாலேயே கெஸ்ட்ரல் என்று போடுகிறார்கள். அதற்குக் கண் சிவப்பு, அடிப்பக்கம் வெள்ளை, சறுக்கும்போது இறக்கையை மேல்நோக்கித் தூக்கி வைத்திருக்கும். கெஸ்ட்ரல் நிற்கும்போது நீண்ட வாலை விசிறியாக விரிக்கும்.

#18 பனங்காடை

படம் எடுக்கும்போது என்ன அமைப்பு வைக்கலாம்? அடிப்பக்கம் கறுத்துப்போய்விடுகிறது.

#19 உப்பளத்தான்

வானத்தை முன்னிட்டு எடுத்தால் கேமரா வானத்துக்கு அளவு வைக்கும், பறவை நிழலாகிவிடும். வெளிச்ச ஈடு (எக்ஸ்போஷர் காம்பன்சேஷன்) +1 முதல் +1.7 வரை ஏற்றுங்கள். ஷட்டர் 1/2000-க்குக் குறையாமல், பாயும் பறவைக்கு 1/3200. ஐஎஸ்ஓ ஏறினால் ஏறட்டும். புள்ளி விழுந்த படத்தில் பட்டையைப் பார்க்கலாம், அசைந்த படத்தில் முடியாது. வெயில் உங்கள் முதுகுக்குப் பின்னால் இருக்க வேண்டும். காலை ஒன்பதுக்குள் என்றால் வெளிச்சம் தாழ்ந்து வந்து இறக்கை அடியிலும் விழும்.

அதிகம் ஏற்றினாலும் கெடுதல்தான். வெள்ளை எரிந்துபோனால் காலிடஸின் மெல்லிய கோடுகள் மறைந்து மார்பு லகர் மார்பாகிவிடும். குறைவாக விட்டால் ஷாஹீனின் செம்மை கறுத்து லகர் இளசு வயிறாகிவிடும். அதனால் ரா கோப்பு (கேமரா பதப்படுத்தாத மூலக்கோப்பு) வைத்துக்கொள்ளுங்கள்.

இன்னொரு வேண்டுகோள்: செயற்கை நுண்ணறிவு மென்பொருளில் போட்டுத் தீட்டிய படத்தை அடையாளம் கேட்க ஏற்றாதீர்கள். மங்கலான இடத்தில் அது தானாகக் கோடு போடும். கீற்று பட்டையாக மாறிவிடும், வயதே தப்பாகும். பார்க்க அழகாக இருக்கும், சுவரில் மாட்டுங்கள்.

எது எடுத்தாலும் ஐந்து கோணம் முயற்சி செய்யுங்கள்: முகம் பக்கவாட்டில், இறக்கை அடி விரிந்தபடி, வால் மேற்பக்கம், முதுகு, காலும் நகமும். ஒரே கோணத்தில் நாற்பது படம் இருப்பதைவிட இது உதவும்.

#20 நெறியாளர்

இரண்டு செய்தி. டிசம்பர் முதல் ஏப்ரல் வரை ஷாஹீன் கூடு கட்டும் காலம். கூடு இருக்கும் பாறையின் பெயர், ஆள்கூறு, அடையாளம் தெரியும் அகலப் படம் எதையும் இங்கே போடக் கூடாது, போட்டால் நீக்கப்படும். பெரிகிரினும் லகரும், அருகிவரும் உயிரினங்களின் பன்னாட்டு வணிகத்தைக் கட்டுப்படுத்தும் சைட்டிஸ் உடன்படிக்கையின் முதல் இணைப்பில் இருக்கும் பறவைகள், இவற்றைப் பிடித்து விற்கச் சந்தை இருக்கிறது. பாறையை நெருங்கும்போது பறவை "கெக்-கெக்-கெக்" என்று கத்திக்கொண்டு சுற்றினால் திரும்பி நடங்கள். தாய் எழுந்து பறக்கும் நேரமெல்லாம் முட்டை வெயில் பாறையில் திறந்து கிடக்கும்.

இரண்டாவது, இ-பேர்டில் பதிவு. இனம் உறுதியாகாவிட்டால் "பெரிய வல்லூறு இனம்", "சிறிய வல்லூறு இனம்" என்ற வகைகள் இருக்கின்றன. அவற்றில் போட்டுப் படத்தை இணையுங்கள். யாரும் குறைவாக நினைக்க மாட்டார்கள்.

#21 பனங்காடை

பெரிகிரின் என்றே பதிவிட்டுவிட்டேன். காலிடஸ் என்று கிளையினம் வரை போகலாமா?

#22 மலைமொங்கான்

உங்க பறவைக்குப் போகலாம். வெளுத்த நெத்தி, ஒல்லி மீசை, வெளிர் அடிப்பக்கம், ஜனவரி. குறிப்புல இந்த நாலையும் எழுதி, படம் 2-ஐயும் வெச்சிருங்க. பார்க்கறவர் அதை வெச்சு ஒத்துக்கிட்டா இருக்கட்டும், இல்லன்னா வெறும் பெரிகிரினா நிக்கட்டும்.

#23 கரிச்சான்

படம் 3-ஐயும் சேருங்கள். வெளிச்சத்தை ஏற்றிப் பார்த்தேன், நடுவால் இறகில் நான்கு பட்டை எண்ண முடிகிறது.